ரிதமிக் எடிட்டிங்: தாளவெட்டா, சந்தத் தொகுப்பா?

> ‘ரிதமிக் எடிட்டிங்’குக்குத் தமிழில் ‘லயத் தொகுப்பு’ போதாதா? எல்லோருக்கும் தெரிந்த சொல்தானே.

தெரிந்த சொல்தான், சிக்கலும் அதுவே. ஓட்டம் நன்றாக அமைந்த எந்தப் படத்தையும் ‘நல்ல லயம்’ என்று சொல்லிவிடலாம். நமக்கு வேண்டியது, இசையின் தட்டுக்கு ஏற்ப ஃபிரேமை (படச்சுருளின் ஒற்றைப் படத்தை) எண்ணி வெட்டும் முறைக்கு ஒரு பெயர்.

ஜெஃப்ரி ஜோன்ஸ் 1963இல் பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் ஃபிலிம்ஸ் என்ற போக்குவரத்துத் துறைப் படப்பிரிவுக்கு எடுத்த ‘ஸ்னோ’ என்ற ரயில் குறும்படத்தைப் பாருங்கள். எட்டு நிமிடம், கதை இல்லை, வர்ணனைக் குரலும் இல்லை. வெளியே பனியை அள்ளும் ஆட்கள், உள்ளே கதகதப்பான பெட்டியில் பயணிகள், பனியைக் கிழித்து வரும் எஞ்சின். இசை விரைய விரைய வெட்டும் விரைகிறது.

சினிமாவில் நொடிக்கு 24 ஃபிரேம். இசையில் நிமிடத்துக்கு 120 தட்டு என்றால் தட்டுக்குச் சரியாக 12 ஃபிரேம். 100 தட்டு என்றால் 14.4 வரும், தொல்லை அங்கேதான். 14, 14 என்றே வெட்டிக்கொண்டு போனால் பத்தாம் தட்டில் படம் 4 ஃபிரேம் முந்திவிடும். 14, 15, 14, 15, 14 என்று போட்டால் ஐந்து தட்டுக்கு 72, கணக்கு நேராகும். இதற்குத் ‘தாளவெட்டு’ என்பது என் பரிந்துரை.

----

தாளவெட்டு சரி. ஆனால் அது பாதிதான். 60 அடித் துண்டுகளாக இணைத்த தண்டவாளத்தில் மணிக்கு 60 மைல் வேகத்தில் ஓடும் சக்கரம் 0.68 நொடிக்கு ஒருமுறை இணைப்பைத் தாண்டும். ஏறக்குறைய 16 ஃபிரேம். ஜன்னலில் நகரும் தந்திக் கம்பங்களுக்கும் இப்படி ஓர் இடைவெளி உண்டு. இது வெளியிலிருந்து போடும் தாளமல்ல. குறிலும் நெடிலும் அடுக்கிய அடுக்கிலேயே ஓசை பிறப்பதுபோல ஷாட்டுக்குள்ளேயே இருப்பது. இதைக் கேட்டு ஒட்டுவதைச் ‘சந்தத் தொகுப்பு’ எனலாம்.

இன்னொன்று. இடப்பக்கம் ஓடும் ரயிலிலிருந்து வலப்பக்கம் ஓடுவதற்குத் தாவும்போது, தட்டு விழும் ஃபிரேமிலேயே வெட்டினால் பிந்தியதுபோலத் தெரியும். புதிய திசையைப் பிடிக்கக் கண்ணுக்குச் சற்று நேரம் வேண்டும். ஓரிரு ஃபிரேம் முன்னால் வெட்டுங்கள். கச்சேரிக்காரர்களிடம் சொல் தயாராகவே இருக்கிறது: சமம் (தட்டிலேயே), அதீதம் (தட்டுக்கு முன்), அனாகதம் (தட்டுக்குப் பின்).

----

> அதீத வெட்டு

தட்டுக்கு முன் வெட்டுவதை இப்படிச் சொன்னால், பேச்சு வழக்கில் ‘அளவுக்கு மீறி வெட்டியது’ என்றாகிவிடும்! சில தணிக்கைகளுக்கு வேண்டுமானால் பொருந்தும். ‘முன்னெடுப்பு’ம் ஆகாது, அதை இனிஷியேட்டிவ் பிடித்துக்கொண்டது. முன்வெட்டு, நேர்வெட்டு, பின்வெட்டு என்று எளிமையாக வைப்போமே. தாளவெட்டோடு இந்த மூன்றையும் கலைச்சொல் பட்டியலில் ஏற்றுகிறேன். சந்தத் தொகுப்புக்கு எதிரே இப்போதைக்குக் கேள்விக்குறி: இசையே இல்லாத படத்துக்கும் அது பொருந்துமா?