குளியல், சமையல் தண்ணீருக்கு வாசலில் கல்வாழைப் படுகை: சரிப்படுமா?

சாளைக்காரர், காங்கயம் பக்கம்:

வணக்கமுங்க. தோட்டத்துச் சாளையை இடித்துவிட்டுப் புது வீடு கட்டுகிறோம். ஆள் ஐந்து பேர். போர் தண்ணீர்தான், கடும் உப்பு, சோப்பு நுரைப்பதற்குள் பாதிக் கட்டி கரைந்துவிடும். இதுவரை குளிக்கிற, துவைக்கிற தண்ணீரெல்லாம் பொடக்காணி (வீட்டுக்குப் பின்புறம்) வாழைக்குப் போய், மிச்சம் தேங்கி ஒரே கொசு. படம் போட்டுக் கொடுத்தவர், வாசலில் அல்லிக் குளம் மாதிரி வைத்து அதிலேயே தண்ணீரைச் சுத்தம் பண்ணலாம், பார்வைக்கும் லட்சணமாக இருக்கும் என்கிறார். அம்மாவுக்கு வாசலில் கழிவுத் தண்ணீர் என்றாலே ஆகவில்லை. செய்தவர்கள் சொல்லுங்க. நாற்றம் வருமா? சமையலறைத் தண்ணீரையும் சேர்க்கலாமா? வெளியே வருவதைத் தென்னைக்கு விடலாமா? அப்புறம், திருப்பூரில் மச்சான் சின்னதாகச் சாயப்பட்டறை வைத்திருக்கிறார். தனக்கும் இது ஆகுமா என்று கேட்கிறார்.

பவானிக்கரை:

எதுக்குங்க இத்தனை செலவு? நாலு பாத்தி கட்டி, வாழை வைத்து, மடையை மாற்றி மாற்றி விடுங்க. ஒரே இடத்தில் விடுவதால்தான் தேங்குகிறது.

கோபி மேஸ்திரி:

பாத்தி கட்டுவது ஆள் குறைந்த வீட்டுக்குச் சரிங்க. ஐந்து பேர், வாஷிங் மெஷின் வேறு என்றால் தினமும் மடை மாற்ற யார் இருக்கிறார்கள்? இரண்டு வாரம் மாற்றுவார்கள், அப்புறம் பழைய குட்டைதான்.

அல்லிக் குளம் வேண்டாம். தண்ணீர் திறந்து கிடந்தால் கொசு வரத்தான் செய்யும். நான் கட்டிக்கொடுப்பது ஜல்லிப் படுகை. தண்ணீர் ஜல்லியின் மேல்மட்டத்துக்கு நாலு விரல் கீழேயே நகர்ந்து போய்விடும், கண்ணில் படாது. கொசு முட்டையிட இடமில்லை, நாற்றமும் மேலே வராது. அம்மா பார்ப்பது பூச்செடியும் கல்லும்தான்.

எல்லாரும் என்ன செடி என்றுதான் முதலில் கேட்கிறார்கள். பாதிக்கு மேல் வேலை செய்வது கல்லுங்க. ஒரு வருசம் ஓடின படுகையில் ஒரு அடி தோண்டி, ஒரு ஜல்லியை எடுத்து விரலால் தேய்த்துப் பாருங்க. வழுவழுவென்று ஒரு படலம் கையோடு வரும். அதில் இருக்கிற பாக்டீரியாதான் அழுக்கைத் தின்கிறது. வேர் அதற்குக் கொஞ்சம் காற்றை இறக்கிக் கொடுக்கும், உரச்சத்தில் ஒரு பங்கைச் செடி எடுத்துக்கொள்ளும். 1950களில் ஜெர்மனியில் கேத்தே ஸைடல் என்ற அம்மா கோரையை வைத்து இதைச் சோதிக்க ஆரம்பித்தார். நம் பக்கம் பார்க்க வேண்டுமென்றால் ஆரோவில்லில் பல வருசமாக ஓடுகிறது.

உங்கள் கணக்குக்கு வருகிறேன். ஆளுக்கு 100 லிட்டர் என்றால் நாளைக்கு 500. படுகை 5 மீட்டர் நீளம், ஒன்றரை மீட்டர் அகலம், தண்ணீர் ஆழம் அரை மீட்டர் வைத்தால் 3.75 கன மீட்டர். ஜல்லிக்கு நடுவில் சந்து நூற்றுக்கு நாற்பது, ஆக 1,500 லிட்டர் பிடிக்கும். தண்ணீர் மூன்று நாள் உள்ளே தங்கும், போதும். கக்கூஸ் தண்ணீரை இதில் சேர்க்காதீங்க, அது தனி செப்டிக் டேங்குக்குப் போகட்டும்.

அடியில் பண்ணைக் குட்டைக்கு விரிக்கிற ஷீட். தண்ணீர் நுழைகிற பக்கமும் வெளியேறுகிற பக்கமும் ஒரு முழ நீளத்துக்கு ஒன்றரை இஞ்சு ரக ஜல்லி, நடுவில் அரை இஞ்சு ரகம். கழுவித்தான் கொட்ட வேண்டும். கிரஷர் தூசியோடு கொட்டினால் அடைப்பு அன்றைக்கே ஆரம்பம். எம்-சாண்ட் பக்கமே போகாதீங்க. அடிமட்டம் 5 மீட்டருக்கு 5 சென்டிமீட்டர் வாட்டம், மேல்மட்டம் ரசமட்டத்துக்குச் சரியாக இருக்க வேண்டும். வெளியே போகிற பைப்பில் திருகுகிற எல்போ வையுங்க, அதைச் சாய்த்தால் தண்ணீர் மட்டம் இறங்கும், நிமிர்த்தினால் ஏறும்.

சமையலறைத் தண்ணீரைச் சேர்க்கலாம், ஆனால் நேராக அல்ல. நான் பார்த்த வரைக்கும் படுகை கெட்டுப்போன வீடுகளில் முக்கால்வாசி எண்ணெயால்தான் கெட்டது. தீபாவளிக்கு முறுக்குச் சுட்ட சட்டியைக் கழுவி ஊற்றினால் அது கல்லுக்கு நடுவில் நெய் மாதிரி உறைந்துகொள்ளும். அப்புறம் ஜல்லி மொத்தத்தையும் வாரிக் கழுவ வேண்டியதுதான். சமையலறைப் பைப்புக்கு இரண்டு அறையில் ஒரு எண்ணெய்த் தொட்டி, எல்லாத் தண்ணீருக்கும் மண்டி படிய ஒரு மூடின தொட்டி, அதற்கப்புறம்தான் படுகை. எண்ணெய்த் தொட்டியில் மிதப்பதை மாதாமாதம் வழிக்க வேண்டும். அதைச் செய்ய ஆள் இல்லாத வீட்டுக்கு நான் கட்டுவதே இல்லை.

செடிக்கு, வாசல் பக்கம் சிவப்பும் மஞ்சளுமாகக் கல்வாழை, பின்னால் வெட்டிவேர். நாணல் வேண்டாம், அதன் கிழங்கு கூராக ஓடி ஷீட்டையே குத்தும். மூங்கிலும் அப்படித்தான்.

தென்னைக்குத் தாராளமாக விடலாம், வாழைக்கும் விடலாம். கீரைக்கு மட்டும் வேண்டாம், கிருமி முழுசாகச் சாகாது. ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்க. இந்தப் படுகை உப்பை எடுக்காது. சித்திரை வைகாசியில் செடி தண்ணீரைக் குடித்துவிட்டு உப்பை விட்டுவிடும், அதனால் உள்ளே போனதைவிட வெளியே வருவதுதான் கரிக்கும். ஒரே மரத்துக்கு விடாதீங்க. பி.ஏ.பி. (பரம்பிக்குளம்-ஆழியாறு) வாய்க்கால் தண்ணீர் வருகிறபோது வட்டப்பாத்தியை நன்றாக நனைத்து உப்பைக் கீழே இறக்கிவிடுங்க.

நொய்யல் பாசனம்:

மச்சானுக்கு நான் சொல்கிறேன். ஆகாது. சாயத் தண்ணீரில் நிறம் மட்டும் இல்லை, சாயம் ஏறக் கொட்டுகிற உப்பும் இருக்கிறது. மேஸ்திரி சொன்னபடி கல்லும் செடியும் அதை ஒன்றும் பண்ணாது. நொய்யல் ஆற்றில் ஒரத்துப்பாளையம் அணையைப் பாசனத்துக்கென்றுதான் கட்டினார்கள். சாயக்கழிவு தேங்கி எங்கள் வயலுக்கே ஆகாத தண்ணீர் ஆனது. 2011 ஜனவரியில் உயர் நீதிமன்றம் பட்டறைகளை மூடச் சொன்னதற்கும் இதுதான் காரணம். ஒரு சொட்டும் வெளியே விடாமல் ஆர்.ஓ. வைத்து, மிச்சத்தை ஆவியாக்கி உப்பைப் பிரிக்க வேண்டும், அது பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தில் ஆகிற வேலை. பட்டறை ஆட்கள் குளிக்கிற தண்ணீருக்குத் தனிப் பைப் போட்டு வேண்டுமானால் படுகை வைக்கட்டும்.

சாளைக்காரர், காங்கயம் பக்கம்:

ரொம்ப நன்றிங்க. அம்மா கல்வாழைக்குச் சரி என்று சொல்லிவிட்டார். பத்து நாள் வீட்டைப் பூட்டிவிட்டு ஊருக்குப் போனால் செடி காயாதுங்களா? ஜல்லி எவ்வளவு சொல்லிவிடலாம்?

கோபி மேஸ்திரி:

கிளம்பும்போது எல்போவை நிமிர்த்தி வையுங்க, பத்து நாள் தாங்கும். ஜல்லி இரண்டு ரகமும் சேர்த்து ஒன்றரை யூனிட்டுக்குக் (ஒரு யூனிட் நூறு கன அடி) கொஞ்சம் மேலே வரும். வண்டி வந்ததும் கொட்டுவதற்கு முன்னாலேயே டேப்பைப் பிடித்து அளந்துவிடுங்க, கொட்டினபிறகு குறைந்தது என்றால் ஒத்துக்கொள்ள மாட்டார்கள்.