'பெயரில்லை' என்று ஒரு பெயர்

அர்த்தத்துக்காக மனதில் நின்ற பெயர் எது என்று கேட்டால், எல்லோரும் நிலா, விடியல், ஒளி என்று அழகான பெயர்களாகவே சொல்கிறீர்கள், நான் கொஞ்சம் எதிர்ப்பக்கம் போகிறேன். கேட்டதும் முகம் சுளிக்க வைக்கிற அர்த்தமுள்ள பெயர்கள்தான் எனக்கு மறக்காமல் நிற்கின்றன.

சில வருடங்கள் கருத்தரங்குகளில் பதிவு மேசையில் உட்காரும் வேலை பார்த்தேன். வருகிறவர் பெயரைப் பட்டியலில் பார்த்து, கழுத்தில் மாட்டும் அட்டையை எடுத்துக் கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். சுலபம் என்று நினைத்தேன். முதல் நாளே ஓர் இந்தோனேசியர் வந்து நின்றார். அங்கே பலருக்கு சுகர்னோ, சுகார்த்தோ மாதிரி ஒரே பெயர்தான், குடும்பப் பெயர் கிடையாது. எங்கள் விண்ணப்பமோ இரண்டாவது கட்டத்தைக் காலியாக விட்டால் நகராது. யாரோ அதே பெயரை இரண்டு தடவை தட்டிவிட்டிருந்தார்கள். அட்டையைப் பார்த்துவிட்டு, "எங்கே போனாலும் என்னை இரண்டு ஆளாக்கிவிடுகிறார்கள்" என்று சிரித்தார். இனிஷியலை விரித்து அப்பா பெயரைக் கடைசிக் கட்டத்தில் போட்டுவிட்டு, அப்புறம் வருகிற மின்னஞ்சலெல்லாம் அப்பா பெயருக்கு வணக்கம் சொல்வதைப் பார்த்திருக்கும் நமக்கு இது புரியும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். ஒரு நாள் மங்கோலியாவிலிருந்து ஒரு நடுவயதுக்காரர். பட்டியலில் நெர்குய் என்று இருந்தது. பின்னால் வரிசையில் யாரும் இல்லாததால், என்ன அர்த்தம் என்று கேட்டேன். அட்டையை உறையிலிருந்து உருவி, பின்பக்க வெள்ளையில் பெயரை எழுதி, நடுவில் ஒரு கோடு போட்டுக் காட்டினார். நெர் என்றால் பெயர். குய் என்றால் இல்லை. பெயரில்லை! கிண்டல் செய்கிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். அவருக்கு முன்னால் பிறந்த இரண்டு குழந்தைகள் தங்கவில்லையாம். மூன்றாவதையும் தூக்கிப் போக வருகிற கெட்ட ஆவி "இது யார்" என்று கேட்டால் "பெயரில்லை" என்று பதில் வரும், அது குழம்பித் திரும்பிவிடும், அதுதான் கணக்கு. எனெபிஷ் என்றும் வைப்பார்கள், 'இது அல்ல' என்று அர்த்தம். ஹுன்பிஷ் என்றால் 'மனிதன் அல்ல'.

எனக்குச் சட்டென்று என் தாத்தாவின் தம்பி ஞாபகம் வந்தது. அவர் பெயர் குப்பன். பிள்ளை தங்காத வீட்டில் அடுத்து பிறந்ததைக் குப்பைமேட்டில் ஒரு நிமிடம் கிடத்தி, 'இது எங்கள் பிள்ளையே இல்லை, குப்பையில் கிடந்தது' என்று எடுத்து வந்து வைத்த பெயர் அது. பிச்சையும் இதே வகைதான். சின்ன வயதில் அந்தப் பெயரைக் கேட்டுச் சிரித்தவன்தான் நான். இதைச் சொன்னதும் நெர்குய் கொஞ்சம் யோசித்துவிட்டு, "அப்படியென்றால் உங்கள் பக்கத்து ஆவியும் எங்கள் பக்கத்து ஆவி மாதிரியே முட்டாள்" என்றார்.

இன்னொன்றும் சொன்னார். மங்கோலியாவில் 1920களில் குலப் பெயர்களை ஒழித்தார்கள், 1990களில் மறுபடி கொண்டு வந்தபோது பலருக்குத் தங்கள் குலம் எதுவென்றே தெரியவில்லை, ஏராளமானோர் செங்கிஸ்கானின் குலமான போர்ஜிகின் பெயரை எடுத்துக்கொண்டார்கள். 1981-இல் விண்வெளிக்குப் போன முதல் மங்கோலியர் குர்ரக்சா மட்டும் சன்சார் என்று வைத்துக்கொண்டார், விண்வெளி என்று அர்த்தம். நம்மிடம் சம்சாரம் என்று புழங்கும் அதே சமஸ்கிருதச் சொல் பௌத்தத்தோடு அங்கே போய் இப்படி ஆகியிருக்கிறது. இதை வீட்டில் சொன்னபோது பெரிதாக யாரும் ரசிக்கவில்லை.

அதற்கப்புறம் இந்த மாதிரிப் பெயர்கள் கண்ணில் பட்டுக்கொண்டே இருந்தன. சீனத்து கிராமங்களில் கோஷெங் என்று கூப்பிடுவார்கள், 'நாய் தின்று மிஞ்சியது'. நைஜீரியாவின் யோருபா மக்கள் ஆவியோடு பேசுவதில்லை, நேரே பிள்ளையிடமே பேசுகிறார்கள். ஒரே பிள்ளைதான் பிறந்து பிறந்து செத்துப் போகிறது என்று ஒரு நம்பிக்கை, அதனால் மலோமோ, 'இனிமேல் போகாதே'. எனக்கு இதுதான் எல்லாவற்றிலும் அதிகம் வலிக்கிறது.

ஆனால் அர்த்தம் மோசமாக இருந்தாலே உள்ளே பாசம் இருக்கும் என்று முடிவு கட்டிவிடாதீர்கள். போதும்பொண்ணு நம்மிடமே உண்டு. மகாராஷ்டிராவில் நகுசா, 'வேண்டாதவள்'. 2011-இல் சதாரா மாவட்டத்தில் 285 பெண்களுக்கு ஒரே விழாவில் அந்தப் பெயரை மாற்றி வேறு பெயர் கொடுத்தார்கள்.

அதே மேசையில் சந்தித்த ஒரு சீனப் பெண் அட்டையில் ஆங்கிலப் பெயர் மட்டும் போதும் என்றார். மூன்றாம் நாள் பழகிய பிறகுதான் சொந்தப் பெயரைச் சொன்னார். ஜாவ்தி, 'தம்பியைக் கூட்டி வா'. "அது என் பெயரே இல்லை, அடுத்துப் பிறக்கவேண்டியவனுக்கு வீட்டில் எழுதிய அழைப்பு" என்றார். பிறகு மாற்றவில்லையா என்று கேட்டேன். மாற்றிவிட்டாராம், ஆனால் ஒலியை அல்ல, எழுத்தை மட்டும். 'கூப்பிடு' என்ற எழுத்தை எடுத்துவிட்டு, அதே ஜாவ் என்று ஒலிக்கும் இன்னொரு எழுத்தைப் போட்டிருக்கிறார், அதற்கு வெளிச்சம் என்று அர்த்தம். அம்மா கூப்பிடும்போது எந்த எழுத்து என்று அம்மாவுக்கும் தெரியாது என்றார்.