பிஜி மெடிக்கல் சீட்டுக்காகக் கோர்ட் ஏறிய கதை: எல்லையோரத்து அனுபவங்கள்

கொழிஞ்சாம்பாறைப் பக்கம், பாலக்காடு

முதுநிலை மருத்துவ சீட் விஷயத்தில் கோர்ட்டுக்குப் போனால் பலன் உண்டா என்று கேட்டிருந்தீர்கள். உண்டு. ஆனால் கவுன்சலிங் ஓடிக்கொண்டிருக்கும்போதே போயாக வேண்டும். எல்லாம் முடிந்த பிறகு போனால், நியாயம் நம் பக்கம் இருந்தாலும் சீட் இருக்காது. எங்கள் மகள் விஷயத்தில் நடந்ததைச் சொல்கிறேன்.

எங்களுக்கு வீட்டில் தமிழ், வில்லேஜ் ஆபீசில் மலையாளம். கோபாலபுரம் செக்போஸ்ட்டைத் தாண்டிப் பொள்ளாச்சிக்குப் படிக்கப் போகிற பிள்ளைகள் எங்கள் பக்கம் ஏராளம். மகளும் அப்படித்தான் பள்ளிக்கூடம் முடித்தாள். எம்பிபிஎஸ் அகில இந்திய ஒதுக்கீட்டில் தமிழ்நாட்டில் கிடைத்தது. 2024 ஆகஸ்ட் 11-ஆம் தேதி இரண்டு ஷிப்டாக நீட் பிஜி நடந்தது இல்லையா, அதை எழுதிவிட்டுக் கேரள ஒதுக்கீட்டுக்கு விண்ணப்பித்தாள்.

தெரியாதவர்களுக்காக: அரசுக் கல்லூரிகளின் பிஜி இடங்களில் பாதி அகில இந்திய ஒதுக்கீடு. அங்கே நீங்கள் எந்த மாநிலத்துக்காரர் என்று யாரும் கேட்பதில்லை. மீதிப் பாதியை மாநிலம் நிரப்பும். அங்கேதான் "நீ எங்கள் ஆளா?" என்ற கேள்வி வரும். எல்லையோரத்துப் பிள்ளைகள் மாட்டிக்கொள்வதும் அங்கேதான்.

மகளின் பள்ளிச் சான்றிதழில் என் பெயர் தமிழ்நாட்டு வழக்கப்படி ஓர் இனிஷியலோடு இருக்கும். ரேஷன் கார்டிலும் நேட்டிவிட்டி சான்றிதழிலும் வீட்டுப் பெயரோடு இருக்கும். ஆள் ஒருவன்தான், காகிதத்தில் மட்டும் இரண்டு பேர். போர்ட்டலில் ஆவணக் குறையைச் சொல்லி மெமோ வந்ததும் அக்ஷயா சென்டருக்கு (கேரள அரசின் இணைய சேவை மையம்) ஓடினோம். இரண்டு பெயரும் ஒருவருடையதே என்று வில்லேஜ் ஆபீசர் தருகிற 'ஒன் அண்ட் சேம்' சான்றிதழை வாங்கி, கெடுவுக்குள் அப்லோடும் செய்தோம். அப்படியும் தற்காலிகப் பட்டியலில் அவள் பெயருக்கு எதிரே 'கேரளத்தைச் சேராதவர்' என்றே வந்தது. என் அப்பா பிறந்து, வாழ்ந்து, இறந்த மண் இது. அந்த ஒரு வரியைப் படித்தபோது மனசு என்ன பாடுபட்டது என்று எழுதத் தெரியவில்லை.

சம்பந்தப்பட்ட அலுவலகத்துக்குப் போன் செய்தால் "பார்க்கிறோம்" என்றார்கள். சித்தூரில் (நம் பாலக்காட்டுச் சித்தூர்) வக்கீல் குமாஸ்தாவாக இருக்கும் என் மச்சினன்தான் சரியான வழி சொன்னான். "மாமா, போன்ல பேசினதுக்கு ரெக்கார்டு கிடையாது. இன்னைக்கே மெயில் போடுங்க, ரிஜிஸ்டர் தபாலும் அனுப்புங்க. நாளைக்கு ஜட்ஜ் கேக்கற முதல் கேள்வியே, அவங்ககிட்ட எழுதிக் கேட்டீங்களான்னுதான் இருக்கும்." அப்படியேதான் நடந்தது.

எர்ணாகுளத்தில் ஹைகோர்ட் வக்கீலைப் பார்த்தோம். அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு, அதாவது அரசு அலுவலகத்தின் முடிவை எதிர்த்து நேராக ஹைகோர்ட்டில் போடுவது. கேரள ஹைகோர்ட்டில் மனுதாரர் வைக்கும் ஆவணங்களுக்கு பி-1, பி-2 என்று எண் போடுவார்கள். வக்கீல் எங்கள் கட்டைப் பிரித்து மேஜையில் பரப்பி, தேதி வாரியாக அடுக்கினார். மெமோ வந்த தேதி, சான்றிதழ் வாங்கிய தேதி, அப்லோடு ரசீதில் உள்ள நேரம், மெயில் போன நேரம். மகள் எடுத்து வைத்திருந்த ஸ்கிரீன்ஷாட்டைப் பார்த்ததும் "கேஸே இதுதான்" என்றார். அந்த ரசீதில் மணி, நிமிடம் வரைக்கும் இருந்தது. தமிழில் இருந்த பழைய பதிவுகளுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பும் வைக்க வேண்டியிருந்தது. எல்லைக்காரர்கள் இதற்கும் நேரம் ஒதுக்கிக்கொள்ளுங்கள்.

முதல் நாள் அரசு வக்கீல் விவரம் கேட்டுச் சொல்வதாக நேரம் வாங்கினார். நீதிபதி ஒரே ஒரு நாள்தான் கொடுத்தார், அடுத்த அலாட்மென்ட் நெருங்கிக்கொண்டிருந்தது. மறுநாள் இடைக்கால உத்தரவு வந்தது: மனுதாரரைக் கேரளப் பட்டியலில் தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ள வேண்டும், எல்லாம் வழக்கின் இறுதி முடிவுக்குக் கட்டுப்பட்டது. அந்தக் கடைசி வரி எங்களை மாதக்கணக்கில் தூங்கவிடவில்லை. அடுத்த சுற்றில் அவளுக்கு மயக்கவியல் கிடைத்து, சேர்ந்தும்விட்டாள். படித்துக்கொண்டிருக்கும்போதே சீட் போய்விடுமோ என்ற பயம் மட்டும் கூடவே இருந்தது. பிறகு இறுதி உத்தரவு எங்களுக்குச் சாதகமாக வந்து, சேர்க்கை உறுதியானது.

கோர்ட் வராந்தாவில் வேறு ஆட்களையும் சந்தித்தோம். மலைப்பகுதி ஆரம்ப சுகாதார நிலையத்தில் வேலை பார்க்கும் அரசு டாக்டர் ஒருவர், தன் சேவைக் காலத்தைக் கணக்கிட்டதில் தகராறு என்று வந்திருந்தார். தொலைதூர, கடினப் பகுதிகளில் வேலை செய்தால் ஆண்டுக்கு 10 சதவீதம் என்று, அதிகபட்சம் 30 சதவீதம் வரை ஊக்க மதிப்பெண் தரலாம் என்பது விதி. 2016-இல் உச்ச நீதிமன்றம் உத்தரப் பிரதேச வழக்கில் அந்த விதியைத்தான் நிலைநிறுத்தியது. 2020 ஆகஸ்ட் 31-இல் தமிழ்நாடு மருத்துவ அதிகாரிகள் சங்கம் தொடுத்த வழக்கில், அரசு டாக்டர்களுக்குத் தனி ஒதுக்கீடே மாநிலங்கள் கொடுக்கலாம் என்று ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள். இதையெல்லாம் அந்த டாக்டர் மனப்பாடமாகச் சொன்னார். வருஷக்கணக்கில் மலையில் கிடந்து வைத்தியம் பார்த்தவர் அந்தச் சேவைக்காக வராந்தாவில் நிற்க வேண்டியிருக்கிறதே என்று எனக்கு ஆறவே இல்லை.

அப்புறம், 2025 ஜனவரி 29-இல் வந்த தன்வி பெல் தீர்ப்பைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். சண்டிகர் அரசு மருத்துவக் கல்லூரி சம்பந்தப்பட்ட வழக்கு அது. முதுநிலை மருத்துவத்தில் இருப்பிடத்தை வைத்து இடம் ஒதுக்குவது அரசியல் சாசனத்தின் 14-ஆவது பிரிவுக்கு (சமத்துவ உரிமை) விரோதம் என்று மூன்று நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னது. 1984-இல் பிரதீப் ஜெயின் வழக்கிலேயே பிஜிக்கு இருப்பிட ஒதுக்கீடு கூடாது என்று சொல்லியிருந்தார்கள். அதே கல்லூரியில் எம்பிபிஎஸ் படித்தவருக்கு ஓரளவு முன்னுரிமை தரலாம் என்பது மட்டும் இன்னும் நிற்கிறது. ஏற்கெனவே சேர்ந்தவர்களை அந்தத் தீர்ப்பு தொடவில்லை. எங்கள் வழக்கு சான்றிதழை ஏற்பதா இல்லையா என்பது பற்றியது, அதனால் அதை நாங்கள் பிடித்துக்கொள்ள வேண்டி வரவில்லை. இனிப் போகிறவர்கள் வக்கீலிடம் கட்டாயம் கேளுங்கள். என்னைக் கேட்டால், ஒரு டாக்டர் எந்த ஊர் என்று நோயாளி பார்ப்பதில்லை, அரசும் பார்க்க வேண்டியதில்லை.

நகரிப் பக்கம், ஆந்திரா

அண்ணா எழுதியதைப் படித்தேன். என் கதை நேர்மாறு, நான் வழக்கே போடவில்லை. பிறந்தது வளர்ந்தது நகரிப் பக்கம், வீட்டில் தமிழ், பள்ளியில் தெலுங்கு. எம்பிபிஎஸ் மட்டும் தமிழ்நாட்டில். பிஜிக்கு வந்தபோது 'நீங்கள் லோக்கல் இல்லை' என்றார்கள். ஆந்திராவில் விஷயம் வேறு. ஆந்திராவுக்கென்றே தனியாக உள்ள அரசியல் சாசனத்தின் 371-டி பிரிவு, அதன்கீழ் 1974-இல் வந்த குடியரசுத் தலைவர் உத்தரவு, இவைதான் அடிப்படை. மாநிலம் நிரப்பும் இடங்களில் 85 சதவீதம் லோக்கல்காரர்களுக்கு. எங்கள் சித்தூர்ப் பக்கம் ஸ்ரீ வெங்கடேஸ்வரா பல்கலைக்கழகப் பகுதியில் வரும். தகுதித் தேர்வுக்கு முந்தைய நான்கு வருடம் தொடர்ந்து அந்தப் பகுதியில் படித்திருக்க வேண்டும் என்பார்கள். பிஜிக்குத் தகுதித் தேர்வு எம்பிபிஎஸ்தான். நான் அந்த வருடங்களை எல்லைக்கு அந்தப் பக்கம் கழித்தவன்.

வக்கீல் ஒருவரைப் பார்த்தேன். சண்டிகர் தீர்ப்பைக் காட்டியதும், "அங்கே 371-டி கிடையாது தம்பி, அதை இங்கே அப்படியே கொண்டுவந்து வைக்க முடியாது" என்று பொறுமையாக விளக்கினார். 2025 செப்டம்பர் 1-இல் தெலங்கானாவின் எம்பிபிஎஸ் நான்காண்டு லோக்கல் விதியையும் உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. அந்த வக்கீல் ஃபீஸ் வாங்கிக்கொண்டு மனு போட்டிருக்கலாம், அவர் அப்படிச் செய்யவில்லை. அகில இந்திய ஒதுக்கீட்டில் கவனம் வை என்று அனுப்பிவிட்டார். நான் கேட்ட பிரிவு கிடைக்கவில்லை, குழந்தை மருத்துவம் கிடைத்தது. இப்போது அதுவே பிடித்துப்போய்விட்டது.

ஒரு சந்தேகம் அண்ணா. கடைசித் தேதி தாண்டிவிட்டால் கோர்ட் சீட்டை உருவாக்கித் தராதா?

கொழிஞ்சாம்பாறைப் பக்கம்

தம்பி, ரொம்பக் கஷ்டம். தெலங்கானாவில் ஒரு பெண் டாக்டருக்குப் பொது அறுவை சிகிச்சையில் இடம் கிடைத்திருந்தது. கடைசித் தேதிக்குள் போயும் கல்லூரி சேர்க்கவில்லை. ஹைகோர்ட் அவருக்காக ஓர் இடம் உருவாக்கச் சொன்னது. 2020 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. தப்பு கல்லூரியுடையதுதான் என்று 10 லட்சம் ரூபாய் இழப்பீடும், அடுத்த ஆண்டு மேனேஜ்மென்ட் ஒதுக்கீட்டில் ஓர் இடமும் தரச் சொன்னது. ஜெயித்தும் ஒரு வருடம் போனது போனதுதான். நீட் பிஜி 2021-இல் 1,456 இடங்கள் காலியாகவே கிடந்தன. அதற்கு இன்னொரு சுற்று கேட்டுப் போனவர்களின் மனுவையும் 2022 ஜூன் 10-இல் தள்ளுபடி செய்துவிட்டார்கள்.

அதனால் மெமோ வந்த அன்றைக்கே வக்கீலிடம் ஒரு வார்த்தை பேசி வையுங்கள். வக்காலத்தில் கையெழுத்துப் போட மகனோ மகளோ நேரில் வேண்டும், டியூட்டியில் லீவு கேட்டு வைக்கட்டும். உத்தரவு வந்ததும் வாட்ஸ்ஆப்பில் வந்த போட்டோவை நம்பி அலுவலகத்துக்குப் போகாதீர்கள். எங்களிடம் சான்றிட்ட நகல்தான் வேண்டும் என்றார்கள், அதற்கும் ஒரு நாள் அலைந்தோம்.