எம்54.50 போட்டது தப்பா? ஆடிட்டில் பிழை விழுந்திருக்கிறது

ஆத்தங்குடிப் பொண்ணு:

வணக்கம். வீட்டிலிருந்தே மெடிக்கல் கோடிங் பார்க்கிறேன், டாக்டர் குறிப்பைப் படித்து நோய்க்கு உரிய கோடு போடுகிற வேலை. சேர்ந்து ஏழு மாதம் ஆகிறது. எல்லாம் அமெரிக்க கிளினிக் சார்ட்டுகள், அவுட்பேஷன்ட் (படுக்கையில் சேராமல் பார்த்துவிட்டுப் போகிறவர்கள்) மட்டும்.

நேற்றைய ஆடிட்டில் ஒன்று மாட்டிக்கொண்டது. 52 வயது ஆண், மூன்று வாரமாகக் கீழ்முதுகு வலி. வலி வலது கால்வரை இறங்குகிறது என்று ஹிஸ்டரியில் இருக்கிறது. அசெஸ்மென்டில், அதாவது முடிவுப் பகுதியில், டாக்டர் எழுதியது: 'லோ பேக் பெயின், ரூல் அவுட் சயாட்டிகா'. கீழ்முதுகு வலி, சயாட்டிகா (இடுப்பிலிருந்து காலுக்கு இறங்கும் நரம்பு வலி) இருக்கிறதா இல்லையா என்று இனிமேல்தான் பார்க்க வேண்டும் என்று அர்த்தம். எம்ஆர்ஐ எடுக்கச் சொல்லியிருக்கிறார். நான் எம்54.50 போட்டேன், வகை சொல்லாத (அன்ஸ்பெசிஃபைட்) கீழ்முதுகு வலிக்கான கோடு. ஆடிட்டர் அதை அடித்துவிட்டு எம்54.41 (வலது பக்க சயாட்டிகாவோடு கீழ்முதுகு வலி) என்று மாற்றி, 'கால் வலி இருக்கும்போது எதற்கு அன்ஸ்பெசிஃபைட்?' என்று எழுதியிருக்கிறார். அந்த ஒரு பிழையில் என் குவாலிட்டி மதிப்பெண் 95 சதவீதத்துக்குக் கீழே போய்விட்டது.

எனக்கே குழப்பம்தான். அப்பா இங்கே பூக்கல் (ஆத்தங்குடித் தரை டைல்) பட்டறையில் வேலை பார்க்கிறார். கண்ணாடிமேல் அச்சு வைத்துச் சாயம் ஊற்றுகிற வரைக்கும் ஒன்றுமில்லை. கல்லைத் தண்ணீர்த் தொட்டியில் இறக்கி ஏற்றும்போதுதான் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றுவிடுவார், கெண்டைக்கால்வரை இழுக்கும். சார்ட்டைப் படித்ததும் அப்பா ஞாபகம்தான் வந்தது, இது சயாட்டிகாதான் என்று மனசு சொன்னது. ஆனாலும் போடவில்லை. நான் செய்தது சரியா?

தேவகோட்டை அக்கா:

சரிதான்மா. மனசு சொன்னதைப் போடாமல் விட்டாய் பார், அதுதான் கோடர் வேலை.

ஐசிடி-10-சிஎம் (நாம் போடுகிற நோய்க் கோடுகளின் தொகுப்பு) கைடுலைன்ஸ் நான்காம் பிரிவு அவுட்பேஷன்டுக்கு உரியது. அதில் எச் என்ற பத்தியைத் திற. ப்ராபபிள், சஸ்பெக்டட், ரூல் அவுட் என்று டாக்டர் எழுதியதை நோயாகக் கோடு செய்யக் கூடாது. அன்றைக்கு உறுதியாகத் தெரிந்த அளவுக்கு, அறிகுறியாக இருந்தாலும், அதைத்தான் போட வேண்டும். இன்பேஷன்டில், அதாவது ஆஸ்பத்திரியில் சேர்ந்தவர்களுக்கு, கதை வேறு, டிஸ்சார்ஜின்போதும் 'ப்ராபபிள்' என்றே இருந்தால் இருக்கிறதாக எடுத்துக்கொண்டு போடலாம். உன் ஆடிட்டர் அந்தப் பக்கத்திலிருந்து வந்தவராக இருக்கலாம். கால் இழுக்கிறது என்பது பேஷன்ட் சொல்வது. சயாட்டிகா என்பதை டாக்டர்தான் சொல்ல வேண்டும். ரீபட்டல் (ஆடிட்டுக்கு மறுப்பு) போடு, எந்தப் பத்தி என்று குறிப்பிட்டு.

இன்னொன்று, எம்54.50-ஐயும் எம்54.59-ஐயும் குழப்பிக்கொள்ளாதே. என்ன வகை வலி என்று டாக்டர் எதுவுமே சொல்லாவிட்டால் 50. வகையைச் சொல்லி, அதற்குத் தனிக் கோடு இல்லாவிட்டால் 59. நடுவில் எம்54.51 வெர்டிப்ரோஜெனிக் (முதுகெலும்பிலிருந்தே வரும் வலி), அதை டாக்டர் எழுதினால் மட்டும். இந்த மூன்றும் 2021 அக்டோபர் 1-ல் வந்தவை. அதுவரை எம்54.5 என்று அதோடு நிறுத்துவோம். நான் பழைய தாளைச் சுவரில் ஒட்டிவைத்துக்கொண்டு, அந்த வாரம் முழுக்க எம்54.5 என்றே போட்டுத் தள்ளினேன். இன்ஷூரன்ஸ் கிளெய்ம் எல்லாம் செல்லாத கோடு என்று திரும்பி வந்தது. தாளை அன்றைக்கே கிழித்தேன், பசை மட்டும் இன்னும் சுவரில் இருக்கிறது.

கோட்டையூர்த் தம்பி:

அக்கா சொன்னதில் மறுப்பில்லை. ஆனால் ஆடிட்டர் கேட்ட கேள்வியை அப்படியே ஒதுக்கவும் வேண்டாம். ஹிஸ்டரியில் கால் வலி, அசெஸ்மென்டில் ரூல் அவுட் என்றால் டாக்டருக்கு ஒரு குவெரி (விளக்கம் கேட்கும் கேள்வி) அனுப்ப இடமிருக்கிறது. அவர் சயாட்டிகா, வலது பக்கம் என்று உறுதியாக எழுதிக் கொடுத்தால் அப்போது எம்54.41. அதோடு எம்54.50 சேராது, எக்ஸ்க்ளூட்ஸ்1 (இரண்டையும் சேர்த்துப் போடக் கூடாது என்ற குறிப்பு) இருக்கிறது.

எம்ஆர்ஐக்குப் பிறகு இடுப்புப் பகுதி டிஸ்க் தேய்மானம் என்று முடிவாகி, முதுகு வலியும் கால் வலியும் அதனால்தான் என்று டாக்டர் எழுதினால் எம்51.362. 2024 அக்டோபரில் வந்த கோடு, பழைய எம்51.36 இனிச் செல்லாது. பாரம் தூக்கியதில் தசை பிடித்தது, ஸ்ட்ரெயின் என்று எழுதினால் அதுவும் வேறு: முதல் கட்ட சிகிச்சைக்கு எஸ்39.012ஏ. ஒரே இடுப்பு, கோடு எத்தனை பாருங்கள்!

ஆத்தங்குடிப் பொண்ணு:

அக்கா, தம்பி, இருவருக்கும் நன்றி. மதியம் ரீபட்டல் போட்டுவிட்டேன், இன்னும் பதில் வரவில்லை. குவெரி அனுப்பலாமா என்று டீம் லீடிடம் கேட்டேன், பார்க்கலாம் என்றார்.

அப்பாவின் பழைய சீட்டை எடுத்துப் பார்த்தேன். மூன்றே எழுத்து, எல்பிஏ. லோ பேக் ஏக். கீழே மாத்திரை, ஒரு தைலம், அவ்வளவுதான். காலைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. கேட்டால், 'டாக்டர் எங்கே வலிக்கிறது என்றார், இடுப்பு என்றேன். காலைப் பற்றி அவர் கேட்கவே இல்லையே' என்கிறார். அடுத்த வாரம் காரைக்குடிக்குக் கூட்டிப்போகிறேன், இந்தத் தடவை நானும் உள்ளே போவேன்.