சாக்லேட் ஃபேக்டரி படத்தில் வரும் அந்தப் பாட்டி யாருங்க?

நொய்யல்கரை, திருப்பூர்:
நேற்று மகளோடு 2005இல் வந்த 'சார்லி அண்ட் த சாக்லேட் ஃபேக்டரி' பார்த்தேன். ஒரே கட்டிலில் நாலு பெரியவங்க காலை நீட்டிப் படுத்திருப்பாங்களே, அதில் சம்பந்தமே இல்லாமல் எதையாவது சொல்லிவிட்டுச் சிரிக்கும் ஜார்ஜினா பாட்டி யாருங்க? நம்ம கோவை சரளா மாதிரி சின்ன வயதிலேயே நடிக்க வந்தவரா? வேறு எதில் பார்க்கலாம்?

அப்பாரு பேரன்:
லிஸ் ஸ்மித்துங்க. சின்ன வயதெல்லாம் இல்லை. 1921இல் பிறந்தவர், விவாகரத்துக்கு அப்புறம் ரெண்டு பிள்ளைகளை வளர்த்துக்கொண்டு கிடைத்த வேலையெல்லாம் பார்த்து, லண்டன் ஹேம்லீஸ் கடையில் பொம்மை விற்றுக்கொண்டிருந்தபோதுதான் மைக் லீ தன் முதல் படமான 'ப்ளீக் மொமண்ட்ஸ்'க்குக் கூப்பிட்டார். படம் வந்தது 1971இல். 1973இல் அதே இயக்குநரின் 'ஹார்ட் லேபர்' டிவி நாடகத்தில், வீட்டுவேலைக்குப் போகும் அம்மாவாக முக்கிய வேடமே கிடைத்தது.

கோபி ராசு:
அதிர்ஷ்டம்னு சொல்லுங்க. எங்க ஊரில் நடக்காத ஷூட்டிங்கா? வேடிக்கை பார்த்த எந்தப் பாட்டியை யார் கூப்பிட்டாங்க?

அப்பாரு பேரன்:
அவர் வேடிக்கை பார்த்துக்கொண்டு நிற்கவில்லை ராசு. பகலில் பிழைப்பு, ராத்திரி நாடகக் குழு என்று வருஷக்கணக்காக ஓடியவர். அழைப்பு வந்தபோது தயாராக இருந்தார், அவ்வளவுதான்.

அந்தியூர் அம்மிணி:
'எ ப்ரைவேட் ஃபங்ஷன்' (1984) பாருங்க. போர் முடிந்த ரேஷன் காலம், வீட்டுக்குள் திருட்டுத்தனமாகப் பன்றி வளர்ப்பாங்க, நாற்றத்துக்குப் பழி மட்டும் வயசான அம்மா தலையில்! அந்த அம்மாதான் இவர். சிறந்த துணை நடிகைக்கான பாஃப்டா (பிரிட்டனின் திரைப்பட விருது) இதற்குத்தான். மகளாக வரும் மேகி ஸ்மித்துக்கும் பாஃப்டா கிடைத்தது.

ஆனால் எனக்குப் பிடித்தது 1998இல் பிபிசியில் தொடங்கிய 'த ராயில் ஃபேமிலி'. கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை, குடும்பமே டிவி முன்னால் உட்கார்ந்து வாயாடும், மருமகன் கரித்துக்கொட்ட நானா பாட்டி காதில் விழாத மாதிரி சோபாவில் இருப்பார். 2006 சிறப்புப் பகுதியில் அந்தப் பாட்டி படுத்த படுக்கையாகிவிட, மகள் பக்கத்தில் உட்கார்ந்து தலைவாரிவிடும் இடத்தில் எங்க அமுச்சி ஞாபகம் வந்து அழுதுவிட்டேன். அடுத்த வருஷம் அதற்கும் விருது வாங்கினார். 2016இல் 95 வயதில் காலமானார்.

நொய்யல்கரை, திருப்பூர்:
ரொம்ப நன்றிங்க. ராயில் ஃபேமிலியிலிருந்தே ஆரம்பிக்கிறேன்.

அந்தியூர் அம்மிணி:
சரிங்க, சப்டைட்டில் போட்டுக்குங்க. மான்செஸ்டர் பேச்சு அவ்வளவு லேசில் பிடிபடாது.