கூத்து கேசட்டுகளைக் காப்பாற்ற வழி சொல்லுங்களேன்

வணக்கம். செய்யாறு பக்கம் பாரதக் கூத்து நடந்த இரவுகளில் எங்கள் தாத்தா டேப் ரெக்கார்டரை மடியில் வைத்துக்கொண்டு பதிவு செய்த 43 கேசட்டுகள் என்னிடம் இருக்கின்றன, எல்லாம் 1980-களில் எடுத்தவை. சிலவற்றில் வெள்ளையாகப் பூஞ்சை படிந்துவிட்டது. டவுனில் ஒரு கடையில் கொடுத்தேன், நாடா சிக்கி அறுந்துதான் திரும்பி வந்தது. அதில் முகவீணை (நாயனம் மாதிரி ஊதுகிற சின்னக் குழல்) வாசித்தவர் இப்போது உயிரோடு இல்லை.

எம்பி3 ஆக்கித் தருகிறேன் என்று ஆளாளுக்குச் சொல்கிறார்கள், அது வேண்டாம். ஒலியைச் சுருக்காமல் அப்படியே வைக்கிற 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் வேவ் கோப்பாக வேண்டும். பூஞ்சையைத் துடைக்கவும் டேப் ரெக்கார்டரில் நாடாவைப் படிக்கிற ஹெட்டின் கோணத்தைச் சரிசெய்து ஓட்டவும் தெரிந்தவர் யாராவது உண்டா? 1982-இல் தொடங்கி இப்போது குர்கானில் இருக்கிற இன இசையியல் (மக்களின் இசை மரபுகளை ஆராயும் துறை) ஆவணக் காப்பகத்தை அணுகிய அனுபவம் இருந்தாலும் சொல்லுங்கள்.

அப்புறம் இன்னொன்று. ஆர்னால்ட் பேக்கே என்ற டச்சுக்காரர் 1938-இல் தென்னிந்தியாவில் பதிவு செய்தவற்றை இசை ஆய்வாளர் நாசிர் ஜைராஸ்பாய் 1984-இல் இங்கேயே கொண்டுவந்து போட்டுக் காட்டினாராம். அதே மாதிரி, இந்தக் கேசட்டுகளில் பாடிய கூத்து வாத்தியார்களின் வீடுகளுக்கு நானும் போகலாம் என்றிருக்கிறேன். அவர்களிடம் அனுமதி வாங்க எளிய தமிழில் படிவம் வைத்திருப்பவர்கள் அனுப்புங்கள், ப்ளீஸ்.