மலையாளப் படங்கள் தொட்ட வழக்கங்கள்: உங்கள் அனுபவம் என்ன?

மார்த்தாண்டத்திலிருந்து:

குமரி மாவட்டத்தில் மலையாளப் படத்தைத் துணைவரிகள் இல்லாமலே பார்க்கும் வீடுகள் பல உண்டு. எங்கள் வீடும் அப்படித்தான். 2021 ஜனவரியில் ஜியோ பேபியின் 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' இணையத்தில் வெளியானபோது குடும்பமாக அமர்ந்து பார்த்தோம். படத்தில் பல் துலக்கும் பிரஷ்ஷைப் புது மருமகளின் மாமியார் கொண்டுவந்து மாமனார் கையில் கொடுப்பதையும், மென்று போட்ட சக்கை தட்டுக்கு வெளியே மேசையில் கிடப்பதையும் பார்த்து ஆண்கள் சிரித்தோம். சோற்றை விறகடுப்பில் வடித்தால் நன்றாக இருக்கும் என்று மாமனார் குரலை உயர்த்தாமல் சொன்னது எங்களுக்கு நியாயமாகவே பட்டது. பெரியம்மா மட்டும் சிங்க்கின் அடியில் ஒழுகும் குழாயிலேயே கண்ணாக இருந்திருக்கிறார். "இன்னுமா அந்தக் குழாயச் சரியாக்கல்ல, மக்கா?" என்று அவர் எரிச்சலோடு கேட்ட பிறகுதான் எங்கள் சிரிப்பு நின்றது. மாதவிலக்கான மருமகளை ஒதுக்கி வைக்கும் காட்சி வந்ததும், ஆண்டுதோறும் சபரிமலைக்கு மாலை போடும் பெரியப்பா எழுந்து போய்விட்டார். நீண்ட வசனங்களால் வழக்கத்தைச் சாடியிருந்தால் அவர் உட்கார்ந்து வாதாடியிருப்பார் என்றே நினைக்கிறேன்.

நாகர்கோவிலிலிருந்து:

படத்தை எதிர்த்து எழுந்து போக உங்கள் பெரியப்பாவுக்கு முடிந்தது. முதல் மலையாளப் படமான 'விகதகுமாரன்' திரையிடப்பட்டபோது அதில் நடித்த பி.கே. ரோசிக்கு அரங்கினுள் வரவே அனுமதி இல்லை. தலித் பெண் ஒருத்தி நாயர் பெண்ணாக நடித்ததைப் பொறுக்காதவர்கள் திருவனந்தபுரத்தில் கலகம் செய்தார்கள். அவர் ஊரை விட்டே ஓட நேர்ந்தது. அந்தக் கதையைச் சொல்லும், மலையாள இயக்குநர் கமலின் 'செல்லுலாய்ட்' 2013இல் வந்தபோது, மலையாளி நண்பரோடு அதைப் பார்த்துவிட்டு வழியெல்லாம் வாதிட்டேன். தங்கள் சினிமா தன் தவறைத் தானே பேசுகிறது என்று அவர் பெருமைப்பட்டார். அது உண்மைதான். ஆனால் ரோசி தப்பி ஓடியதும் அப்படம் அவரை விட்டுவிட்டு, 'விகதகுமாரன்' இயக்குநர் ஜே.சி. டேனியலின் பிற்கால வறுமையைப் பின்தொடர்ந்து போய்விடுகிறது. ரோசி எங்கள் ஊர்ப் பக்கம் வந்து, மணம் முடித்து, நடித்த கதையை வெளியில் பேசாமல் வாழ்ந்த ஆண்டுகளைச் சொல்லும் படம் ஏதேனும் உண்டா? பார்த்தவர்கள் இங்கே எழுதுங்கள்.